பேருக்கு ஒரு பயணம்

"அண்ணா, குழந்தைக்குத் தொட்டில் போட இன்னும் நாலே நாள்தான் இருக்கு. அண்ணியையும் கூட்டிக்கிட்டு உடனே கிளம்பி வா. பேர் விஷயமா உன்கிட்ட ஒரு வேலை இருக்கு" என்று கடலூரிலிருந்து என் தங்கை போன் செய்தாள்.

"பேர் வைக்க நான் எதுக்கு? ஐயரைக் கூப்பிடு."

"வைக்கிறதுக்கு இல்லே, சரிபார்க்கறதுக்கு. உனக்குத்தான் எதிலேயும் தப்பு கண்டுபிடிக்கிற குணமாச்சே!"

பக்கத்தில் காய் நறுக்கிக்கொண்டிருந்த என் மனைவி, "கரெக்டான ஆளைத்தான் பிடிச்சிருக்கா. சாம்பாரிலேயே 30 வருஷமா கண்டுபிடிக்கிறார்" என்றாள். நான் பெட்டியை எடுத்தேன்.

விஷயம் இதுதான். தங்கை மகளுக்கு நைஜீரியாவில், லாகோஸ் நகரத்தில் குடித்தனம். மாப்பிள்ளைக்கு அங்கே கம்பெனி வேலை. பிரசவத்துக்கு மஞ்சக்குப்பத்தில் அம்மா வீட்டுக்கு வந்திருந்தாள். பெண் குழந்தை. மூன்று வருடத்துக்கு முன் பிறந்த முதல் குழந்தை பத்தே நாளில் போய்விட்டது. அதற்கும் ஆசை ஆசையாய் ஒரு பேர் யோசித்து வைத்திருந்தார்கள். கூப்பிடக் கொடுத்து வைக்கவில்லை. அதனால் இந்த முறை வீட்டில் யாரும் பேர்ப் பேச்சை எடுக்கவே பயந்தார்கள்.

மாப்பிள்ளை மட்டும் தடிமனாக ஒரு பெயர்ப் புத்தகம் வாங்கி அனுப்பியிருந்தார். ஆயிரம் பெயர்கள், அர்த்தத்தோடு. கடைசியில் நாலு பக்கம் ஆப்பிரிக்கப் பெயர்கள். அங்கே அவர்கள் பழகுகிற யொரூபா ஜனங்களின் பெயர்களும் அதில் உண்டு. தங்கை மகள் மூன்று பெயர்களுக்கு நேரே பென்சிலால் கோடு போட்டிருந்தாள்.

பாடலி - பாடும் பெண்.
தில்லை - குளிர்ந்த நிழல் தரும் மரம்.
மாலோமோ - இனிமையானவள்.

"மாமா, இதெல்லாம் நிஜந்தானான்னு பார்த்துச் சொல்லுங்க. தப்பான அர்த்தத்துல பேர் வெச்சுடக் கூடாது" என்றாள். என்னைப் பார்த்துச் சொல்லவில்லை. தூளியைப் பார்த்துச் சொன்னாள். ஏதோ ஜோக் அடிக்க வாயைத் திறந்தவன், மூடிக்கொண்டேன்.

* * *

முதல் பேருக்குத் தூரம் போக வேண்டியதில்லை. ஆட்டோவில் ஏறி, "திருப்பாதிரிப்புலியூர் கோயில்" என்றேன்.

"பாதிரியார் ஒருத்தர் புலியோட இருந்த ஊராம் சார். அதான் பாதிரிப்புலியூர்" என்று ஆட்டோக்காரர் தலபுராணத்தை ஒரே வரியில் முடித்துவிட்டார்.

கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் சாமியாருக்குப் 'பாதிரி' என்ற சொல் போர்ச்சுக்கீசியர் கொண்டுவந்தது. அவர்கள் கோழிக்கோட்டில் வந்து இறங்கியதே 1498-ல். இந்த ஊரைப் பாடிய அப்பர் சுவாமிகள் 7-ஆம் நூற்றாண்டு. எண்ணூறு வருடம் முன்கூட்டியே எந்தப் பாதிரியார் வந்திருப்பார்?

பாதிரி என்பது ஒரு மரம். அதுதான் இந்தக் கோயிலின் தலவிருட்சம். அம்பாள் பெரியநாயகி அதன் கீழ் தவம் இருந்ததாக ஐதீகம். வாசனையான பூ. அந்தக் காலத்தில் புதுப்பானைத் தண்ணீரில் இந்தப் பூவைப் போட்டு மணக்க வைத்துக் குடிப்பார்களாம். இதன் வேர், நாட்டு வைத்தியத்தில் தசமூலம் என்கிற பத்து வேர்களில் ஒன்று. வடமொழியில் இந்த மரத்துக்குப் பேர் பாடலம், பாடலி. சுவாமி பாடலேஸ்வரர். வடக்கே அசோகர் ஆண்ட பாடலிபுத்திரம் (இப்போதைய பாட்னா) இதே பூவின் பெயரால் வந்தது என்பார்கள். இந்த ஊருக்கும் ஒரு காலத்தில் பாடலிபுத்திரம் என்றே பேர்; பெரிய சமண மடம் இருந்தது.

ஆக, பாடலி பாடவே மாட்டாள். அவள் பூ! 'பாடல்' என்று காதில் விழுந்ததுமே புத்தகக்காரர் அவள் கையில் தம்புராவைக் கொடுத்துவிட்டார்.

'புலியூர்' மட்டும் புலிதான். ஆனால் முழுப் புலி இல்லை, கால் மட்டும். வண்டு தொடுமுன் பூப்பறிக்க, வழுக்காமல் மரம் ஏற, புலிக்கால் வரம் வாங்கிய வியாக்ரபாத முனிவர் பூஜித்த ஊர். சிதம்பரத்துக்கும் பெரும்பற்றப்புலியூர் என்று பேர். அங்கேயும் இவரேதான்.

பிராகாரத்தில் உட்கார்ந்தபோது அப்பர் ஞாபகம் வந்தது. பேர் விஷயத்தில் அவரைப்போல் பார்த்தவர் யார்? பண்ருட்டிப் பக்கம் திருவாமூரில் பெற்றவர்கள் வைத்த பேர் மருணீக்கியார். மருள், அதாவது மயக்கம், அதை நீக்குபவர். சமண மடத்தில் சேர்ந்ததும் தருமசேனர். சூலை நோய் தீர்ந்து திருவதிகையில் பாடியதும் திருநாவுக்கரசு. சம்பந்தர் 'அப்பரே' என்று கூப்பிட்டதும் அப்பர். பல்லவ ராஜா கல்லைக் கட்டிக் கடலில் போட, கல்லே தெப்பமாகி இந்த ஊர்ப் பக்கம்தான் கரை சேர்ந்தார் என்கிறது பெரியபுராணம். அந்த இடத்துக்கே கரையேறவிட்ட குப்பம் என்று பேர். நாலு பேரில் மூன்று, பெற்றவர்கள் வைத்ததில்லை. கடைசியில் நிலைத்தது ஒரு சின்னப் பிள்ளை கூப்பிட்ட பேர்!

இதே திருப்பாதிரிப்புலியூரில் 1906-ல் ஒரு பிள்ளை பிறந்தது. விருத்தாசலம் என்று பேர் வைத்தார்கள். விருத்தம் என்றால் பழையது, அசலம் என்றால் மலை. இதே மாவட்டத்து விருத்தாசலத்தின் தமிழ்ப் பேர் முதுகுன்றம். பிறந்த குழந்தைக்குக் 'கிழட்டு மலை' என்று பேர்! அந்தக் குழந்தை வளர்ந்து தானாக வைத்துக்கொண்ட பேர்... புதுமைப்பித்தன். பழசுக்குப் பதில் சொன்ன பேர் அல்லவா!

* * *

சாயங்காலம் காற்று வாங்க தேவனாம்பட்டினம் கடற்கரை. கெடிலம் ஆறு ஓரமாக, செயின்ட் டேவிட் கோட்டையின் மிச்ச மீதி இருக்கிறது. 1690-ல் வெள்ளைக்காரக் கம்பெனி இதை மராட்டியரிடமிருந்து விலைக்கு வாங்கியது. கோட்டையிலிருந்து பீரங்கி சுட்டால் குண்டு எதுவரை போய் விழுகிறதோ அதுவரை நம்முடையது என்று பேச்சு. உள்ளதிலேயே நல்ல பீரங்கியாகப் பார்த்துச் சுட்டார்கள். விழுந்த தூரம் வரை இருந்தவை 'குண்டு கிராமங்கள்' ஆயின.

"இதுக்கு ஏன் டேவிட்னு பேர்?" என்றாள் மனைவி.

அதற்கு இரண்டு கணக்கு உண்டு. அப்போது சென்னைக் கவர்னர் எலிஹு யேல். அவருடைய பூர்வீகம் வேல்ஸ். அந்த நாட்டுக் காவல் புனிதர் டேவிட் பெயரை வைத்தார் என்பது ஒன்று. இன்னொன்று, யேலுக்கு டேவிட் என்று ஒரு மகன் இருந்தான். சின்ன வயதிலேயே, 1688-ல் இறந்துபோனான். சென்னையில்தான் புதைத்தார்கள். இரண்டு வருடம் கழித்து வாங்கிய கோட்டைக்கு அவன் பெயர் என்பார்கள்.

"எது சரி?"

"ரெண்டுக்கும் வாய்ப்பு இருக்கு."

மனைவி கொஞ்ச நேரம் அலையைப் பார்த்தாள். "கூப்பிட ஆளில்லாம போன பேரு... எதுக்காவது வெச்சுக் கூப்பிடணும்னுதானே தோணும்?" என்றாள். 1758-ல் பிரெஞ்சுக்காரர்கள் கோட்டையை இடித்தார்கள். பேரை இடிக்க முடியவில்லை.

* * *

மறுநாள் காலை சிதம்பரம் பஸ். சுமார் 45 கிலோமீட்டர். முதுநகர் தாண்டும்போது மனைவிக்குச் சொன்னேன்: இது அஞ்சலையம்மாள் ஊர். 1927-ல் சென்னையில் நீல் சிலையை அகற்றக் கோரி நடந்த போராட்டத்தில், சின்னப் பெண்ணான மகள் அம்மாக்கண்ணுவையும் கூட்டிக்கொண்டு போய்ச் சிறை புகுந்தவர். காந்திஜி அந்தச் சிறுமியை வார்தா ஆசிரமத்துக்கு அழைத்துப் போய் லீலாவதி என்று பேர் மாற்றினார். கர்ப்பிணியாகச் சிறை சென்ற காலத்தில் அஞ்சலையம்மாள் பெற்ற மகனுக்கு ஜெயில் வீரன் என்றே பேர்! இந்தப் பேருக்கு எந்தப் புத்தகத்தில் அர்த்தம் தேடுவது? அம்மாவின் வாழ்க்கையில்தான் தேட வேண்டும்.

சிதம்பரத்தில் இறங்கியதும் முதல் தரிசனம் ஹோட்டலில். இட்லியும் கத்திரிக்காய் கொத்சும். அப்புறம்தான் நடராஜர்.

புத்தகத்தில் 'சபாநாயகம் - சட்டசபைத் தலைவர்' என்று போட்டிருந்தது. கோயில் வாசலில் நின்று சிரித்தேன். இங்கே சுவாமிக்கே பேர் சபாநாயகர். சட்டசபை எல்லாம் நேற்று வந்தது. சிற்சபை, கனகசபை, தேவசபை, நிருத்தசபை, ராஜசபை என்று இவர் வசம் ஐந்து சபை இருக்கிறது. யாரும் வெளிநடப்பு செய்வதில்லை! இந்த ஊர்ப் பக்கம் பொன்னம்பலம், கனகசபை, சபாபதி, அம்பலவாணன் என்று நாலு பேரைப் பார்த்தால் வேறு வேறு என்று நினைத்துவிடாதீர்கள். ஒரே முதலாளிக்கு நாலு போர்டு.

ஊர்ப் பேரிலேயே இரண்டு கட்சி. சித் என்றால் அறிவு, அம்பரம் என்றால் ஆகாயம், ஆகவே சிதம்பரம் என்பவர்கள் ஒரு பக்கம். சிறு அம்பலம், அதாவது சின்ன மன்றம், அதுதான் சிற்றம்பலமாகிச் சிதம்பரமானது என்பவர்கள் ஒரு பக்கம். சின்ன மன்றத்துக்குள்ளே ஆகாயத்தை வைத்துக் கும்பிடுவதால் இரண்டு கட்சிக்கும் வழக்குப் போட இடமில்லை.

ரகசியம் காட்டினார்கள். திரை விலகியது. உருவம் ஒன்றும் இல்லை. வெட்டவெளியில் பொன் வில்வ மாலை தொங்குகிறது. கூட்டமே கன்னத்தில் போட்டுக்கொண்டது. எனக்கு ஏனோ பேர் வைக்கப்படாமல் போன அந்த முதல் குழந்தை ஞாபகம் வந்தது.

* * *

தில்லை மரத்தை நேரில் பார்க்க சிதம்பரத்திலிருந்து பிச்சாவரம் போனோம். சுமார் 15 கிலோமீட்டர். ஆயிரம் ஹெக்டேருக்கு மேல் பரந்து கிடக்கும் அலையாத்திக் காடு. 'இதயக்கனி' படத்தில் எம்.ஜி.ஆர். வந்துபோன இடம் என்று படகுக்காரர் முதல் துடுப்பிலேயே சொல்லிவிட்டார்.

மரங்கள் உப்புத் தண்ணீரில் முட்டி வரை வேரைத் தூக்கிக்கொண்டு, வேட்டியை மடித்துக் கட்டியவர்கள் மாதிரி நின்றன. "தில்லை எது?" என்று கேட்டேன். கரையோரமாக ஒன்றைக் காட்டினார். பளபளப்பான இலை. ஒன்றிரண்டு சிவந்து உதிரத் தயாராக இருந்தன. பார்த்தால் பரம சாது. நான் கையை நீட்டினேன்.

"ஐயோ, ஒடிச்சுடாதீங்க சார்! அந்தப் பால் கண்ணுல பட்டா கண்ணு தெரியாது. மேல பட்டாலே கொப்பளிச்சுடும்!"

கை தானாக பாக்கெட்டுக்குள் போனது. இங்கிலீஷ்காரர்கள்கூட இதைக் 'கண்ணைக் குருடாக்கும் மரம்' என்றுதான் சொல்கிறார்களாம். புத்தகம் சொல்கிறது: 'குளிர்ந்த நிழல் தரும் மரம்'. எழுதியவர் கீழே பாய் போட்டுப் படுத்துப் பார்த்திருப்பாரோ?

திரும்பும்போது மனைவி, "அப்போ தில்லைன்னு பேர் வெச்சவங்க எல்லாம் முட்டாளா?" என்று கேட்டாள். நல்ல கேள்வி. தில்லைநாயகம் என்று பிள்ளைக்குப் பேர் வைத்தவர் மரத்தின் பாலை நினைத்தா வைத்தார்? அந்தக் காட்டில் ஆடியவரை நினைத்து வைத்தார். அகராதியில் இருப்பது பேரின் அர்த்தம். வைத்தவர் மனசில் இருப்பதும் பேரின் அர்த்தம். இரண்டையும் பார்க்காவிட்டால் பாதிதான் சரிபார்த்ததாகும்.

* * *

மிச்சம் இருந்தது மாலோமோ. அதற்கு பஸ் கிடையாது. ராத்திரி, லாகோஸில் பக்கத்து வீட்டு அம்மாவைத் தங்கை மகள் போனில் பிடித்தாள். யொரூபாக்காரர், பள்ளிக்கூட டீச்சர். அவர் இங்கிலீஷில் சொல்ல, இவள் தமிழில் சொல்ல, ஸ்பீக்கரைச் சுற்றிக் குடும்பமே உட்கார்ந்தது.

நான் தயாராக வைத்திருந்த முதல் கேள்வி, இரட்டைக் குழந்தைகள் பற்றி. புத்தகத்தில் 'டைவோ - மூத்தவர், கெஹிண்டே - இளையவர்' என்று இருந்தது. டீச்சர் சிரித்தார். முதலில் வெளியே வருவது டைவோதான். அந்தப் பேருக்கு 'உலகத்தை முதலில் ருசி பார்த்தவர்' என்று பொருள். ஆனால் மூத்தவர் பின்னால் வரும் கெஹிண்டே! 'வெளியே எப்படி இருக்குன்னு போய்ப் பார்த்துட்டு வா' என்று சின்னவரை அனுப்பிவிட்டு, நிதானமாக வருவாராம்.

"நம்ம வீட்டுக் கல்யாணத்துல பெரியவங்க முகூர்த்தத்துக்குக் கடைசியா வர்ற மாதிரி" என்றாள் என் தங்கை.

பிறந்த சமயத்தை வைத்துப் பேர் வைப்பது அவர்கள் வழக்கமாம். திருவிழாவில் பிறந்தால் அபியோடுன். வழியில் பிறந்தால் அபியோனா. எனக்கு ஜெயில் வீரன் ஞாபகம் வந்தது. எட்டாம் நாள் பேர் வைப்பு. நாம் சேனை வைப்பதுபோல் தேன், உப்பு, தண்ணீர் எல்லாம் குழந்தையின் நாக்கில் தொட்டு வைப்பார்கள். பெரியவர்கள் ஆளுக்கொரு பேர் சொல்வார்கள். எல்லாப் பேரும் அந்தக் குழந்தைக்குத்தான்.

அப்புறம் தங்கை மகள் தயங்கித் தயங்கி, "மாலோமோன்னா... இனிமையானவள்தானே?" என்று கேட்டாள்.

அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சத்தமில்லை. இவள் வீட்டில் நடந்தது அவருக்குத் தெரியும்.

"இல்லேம்மா" என்றார். "மா என்றால் வேண்டாம். லோ என்றால் போ. மோ என்றால் இனிமேல். 'இனிமேல் போகாதே' என்று பொருள்."

பிறந்து பிறந்து இறக்கும் குழந்தைக்கு அபிகு என்று பேராம். போன பிள்ளையே திரும்பத் திரும்ப வருகிறது என்பது அவர்கள் பாட்டன் காலத்து நம்பிக்கை. அதனால் அடுத்துப் பிறக்கும் குழந்தையிடம் பேராலேயே கெஞ்சுவார்கள். மாலோமோ - இனிமேல் போகாதே. கோகுமோ - இனி இறக்காது. டுரோஜாயே - இருந்து வாழ்ந்து பார்.

"ஆனா ராகம் முக்கியம்" என்றார் டீச்சர். "கடைசி மோவை ஏத்திச் சொல்லணும். இறக்கிச் சொன்னா அது 'தெரியும்'னு வேற சொல்லாயிடும்." இரண்டையும் சொல்லிக் காட்டினார். நாங்கள் ஏழு பேர் மஞ்சக்குப்பத்தில் உட்கார்ந்து 'மோ', 'மோ' என்று ஏற்றியும் இறக்கியும் பழகினோம். தெருவில் போனவர் ஜன்னல் வழியே எட்டிப் பார்த்துவிட்டுப் போனார்.

அப்போதுதான் மூலையில் இருந்த தங்கையின் மாமியார் வாயைத் திறந்தார். 80 தாண்டியவர். பேர் குப்பம்மாள். குப்பு என்று யார் கூப்பிட்டாலும் கோபம் வரும் என்று பேரன் பேத்திகள் வேண்டுமென்றே கூப்பிடுவார்கள்.

"அந்த புஸ்தகத்துல குப்புன்னு இருக்கா?"

பார்த்தேன். இருந்தது. 'குப்பு - செல்வக் குவியல்.'

"மண்ணாங்கட்டி!" என்றார் பாட்டி. "குப்புன்னா குப்பைதான். எனக்கு முன்னால மூணு பொறந்துச்சு. ஒண்ணும் தங்கல. நான் பொறந்ததும் என்னை முறத்துல வெச்சு குப்பைமேட்டுல போட்டுட்டாங்க. பக்கத்து வீட்டுக்காரி எடுத்துட்டு வந்து எங்கம்மாகிட்ட தவிட்டுக்கு வித்தாளாம். எமன் வந்து பார்த்தா, சீ, குப்பைன்னு போயிடுவானாம். எண்பது வருஷமா போயிக்கிட்டுதான் இருக்கான்."

யாரும் சிரிக்கவில்லை. இத்தனை வருடம் அந்தப் பேரைச் சொல்லிச் சிரித்தவர்கள் நாங்கள்.

தங்கை மகள் பாட்டி சொன்னதைப் போனில் ஒன்றுவிடாமல் இங்கிலீஷில் சொன்னாள். பாதியில் குரல் உடைந்தது. அங்கே டீச்சர் ஏதோ சொன்னார். "என்னம்மா சொல்றா?" என்று பாட்டி கேட்டார்.

"உங்க ஊர்ல இருக்கிற எங்க ஊர்ப் பாட்டிக்கு நமஸ்காரம் சொல்லுன்னு சொல்றாங்க பாட்டி."

* * *

தொட்டில் போடும் நாள். வீடு நிறைய ஜனம். பண்ருட்டிப் பலாச்சுளை ஒரு தாம்பாளம். பேரை இப்போதே முடிவு செய்ய அவசரமில்லை, பிறப்பைப் பதிந்துவிட்டு 1 வருடத்துக்குள் பேரைக் கட்டணமில்லாமல் சேர்க்கலாம், அதற்கு மேல் தாமதக் கட்டணம் கட்டி 15 வருடம் வரைகூட உண்டு என்று நான் சட்டம் பேசினேன். தங்கை மகள் தலையை ஆட்டினாள். "வேணாம் மாமா. போன தடவை காத்துக்கிட்டே இருந்துட்டேன்."

அவளே முடிவு செய்திருந்தாள். சர்ட்டிபிகேட்டில் பாடலி. பாடாவிட்டால் பரவாயில்லை, பூத்தால் போதும். லாகோஸ் போனால் மாலோமோ. ஏற்றிச் சொல்ல டீச்சர் இருக்கிறார். வீட்டில்...

"வீட்டுல குப்பு" என்றாள்.

"வேணாம்டி! பள்ளிக்கூடத்துல சிரிப்பாங்க" என்றார் பாட்டி. ஆனால் குழந்தையை மடியில் வைத்ததும் முதல் ஆளாகக் காதருகே குனிந்து மூன்று தடவை சொன்னார். என்ன சொன்னார் என்று எங்களுக்குக் கேட்கவில்லை. கேட்க வேண்டியிருக்கவும் இல்லை. குழந்தை ஒரு தும்மல் போட்டது. "நூறு வயசு!" என்று நாலு திக்கிலிருந்தும் குரல் வந்தது.

அன்று ராத்திரி பென்சிலை எடுத்துப் புத்தகத்தில் நாலைந்து இடத்தில் திருத்தினேன். குப்புவுக்கு நேரே 'செல்வக் குவியல்' என்பதை அடிக்கப் போனவன், அப்படியே விட்டுவிட்டேன். எண்பது வருடம் கழித்துப் பார்த்தால் அதுவும் தப்பில்லை.

மனைவி எட்டிப் பார்த்தாள். "உங்க பேருக்கு என்ன போட்டிருக்குன்னு பார்த்தீங்களா?"

"பார்த்தேனே. 'அறிவில் சிறந்தவன்.'"

அவள் என் கையிலிருந்த பென்சிலை வாங்கிக்கொண்டாள்.